தாழ்நிலத்தில் யாருமில்லை

மேயர் வேலையில் பாதி, குப்பை வண்டி ஏன் வரவில்லை என்று கேட்பவர்களுக்குப் பதில் சொல்வதுதான். எனக்கு அது பிடித்திருந்தது. சந்தையில் சட்டையைப் பிடித்து நிறுத்தி, "இவானோ, எங்க தெரு விளக்கு எரியலப்பா" என்பார்கள். மறுநாள் எரியும். இதையும் எழுதிக்கொள்ளுங்கள், நீதிபதி அம்மா. விசாரணைக்கு உதவாது என்றாலும்.

எர்மெத்தே சுலியானியும் நானும் இருபது வயதில் ஒரே வாளிப் பசையில் கட்சிச் சுவரொட்டி ஒட்டியவர்கள். பிறகு கட்சி இரண்டானது. நான் மேயரானேன், அவன் எதிர் வரிசையில் உட்கார்ந்தான். "நம்ம மேயர் கத்தரிக்கோலோட பொறந்தவர். ரிப்பன் வெட்டலன்னா கை நடுங்கும்" என்பான். சபையே சிரிக்கும். நானும் சிரிப்பேன்.

அந்த நவம்பரில் ஐந்து நாள் மழை விடவில்லை. செவ்வாய்க்கிழமை காலை, எங்கள் ஊரை ஒட்டி ஓடும் போ நதி, பெரிய கரையின் விளிம்புக்கு ஒரு சாண் கீழே நின்றது. கரைக்குப் பின்னால் நகரம், பதினெட்டாயிரம் பேர். மணல் மூட்டை அடுக்கியவர்களின் உள்ளங்கை உரிந்திருந்தது. கரையின் அடியில் மூன்று இடங்களில் சேறு கொப்பளித்தது. ஒரு பெண் என் கையைப் பிடித்துக்கொண்டு, "அம்மா படுத்த படுக்கையா கெடக்கா. எங்க தூக்கிட்டுப் போவேன், சொல்லுங்க" என்றாள்.

ஒரே வழிதான் இருந்தது. ஆற்றுக்கும் பெரிய கரைக்கும் நடுவில் ஒரு தாழ்நிலம், அதில் பதினோரு பண்ணை வீடுகள், ஒன்று எர்மெத்தேயுடையது. அதைக் காக்கும் சின்னக் கரையை வெட்டிவிட்டால் வெள்ளம் அங்கே பரவும், நகரம் பிழைக்கும். முந்தின நாளே எல்லோரையும் வெளியேற்றியிருந்தோம். எர்மெத்தே மட்டும், அக்கா வீட்டுக்குப் போவதாகச் சொல்லிவிட்டு, பசுக்களை விட மனமில்லாமல் தொழுவத்தில் ஒளிந்துகொண்டான்.

பத்து மணிக்கு என் கைபேசி அடித்தது.

"டேய் இவானோ, முத்தத்துல தண்ணி ஏறிடுச்சு. வண்டி கெளம்ப மாட்டேங்குது. ஒரு படகு அனுப்புடா. ஓட்டா கேக்குறேன், படகுதானே."

"மாடிக்குப் போ. அங்கேயே இரு. அனுப்புறேன்."

"சீக்கிரம்டா. நீ இருக்கறப்ப எனக்கென்ன பயம்."

மாகாண அதிகாரி, சின்னக் கரையை வெட்டும் உத்தரவை நீட்டி, "உள்ள யாரும் இல்லையே, மேயர்?" என்று கேட்டார்.

"யாருமில்லை" என்று கையெழுத்திட்டேன்.

சின்னக் கரை வெட்டப்பட்டது. அரை மணி நேரத்தில் ஆறு நான்கு விரல் இறங்கியது. முன்பின் தெரியாதவர்களெல்லாம் என்னைக் கட்டிக்கொண்டு அழுதார்கள். மூன்றாம் நாள் எர்மெத்தேயைப் பரணில் கண்டெடுத்தார்கள். அடக்கத்தில் நான்தான் பேசினேன். நன்றாகப் பேசினேன் என்று அவன் அக்காவே சொன்னாள்.

தொலைபேசிப் பட்டியலில் அவனுடைய கடைசி ஏழு அழைப்புகளும் எனக்குத்தான் என்கிறீர்கள். சரிதான். முதல் அழைப்பைத்தான் எடுத்தேன்.

ஒருவனுக்காகப் பதினெட்டாயிரம் பேரைக் காத்திருக்க வைப்பதா? என் நாற்காலியில் யார் இருந்தாலும் இதைத்தான் செய்திருப்பார்கள். கரையை வெட்டும் பொக்லைன் வந்து சேர மதியம் ஆனது என்று பொறியாளர் சொல்லியிருக்கிறார். உண்மைதான். கையில் இரண்டு மணி நேரம் இருந்தது. படகில் போய்வர அரை மணி போதும். மே மாதத் தேர்தலில் எர்மெத்தேதான் ஜெயிப்பான் என்று ஊர் பேசிக்கொண்டது. அதை நான் ஒருநாளும் காதில் போட்டுக்கொண்டதில்லை.

அப்போது தீயணைப்புப் படகோட்டி இயந்திரத்தை ஓடவிட்டுக்கொண்டு கரைப் படிக்கட்டில் நின்றான். "தாழ்நிலத்தை ஒரு தடவை சுத்திப் பாத்துட்டு வரட்டுமா, ஐயா?" என்று அவனாகவே கேட்டான். வேண்டாம், வீட்டுக்குப் போய் ஈரத் துணியை மாற்று என்றேன்.

அவன் உடம்பைப் பற்றித்தான் எனக்குக் கவலை.