சிலம்பரசனின் முகம்

டீயில் சர்க்கரை கொஞ்சம் ஜாஸ்தி, ஐயா. பரவாயில்லை, குடித்துக்கொண்டே சொல்கிறேன்.

என் பெயர் சார்லஸ். கடலூர் முதுநகர். பதினாறு வருஷம் சினிமாவில் சண்டைக் கலைஞனாக இருந்தேன். கதாநாயகர்களுக்குப் பதிலாக மாடியிலிருந்து விழுந்திருக்கிறேன், எரிகிற காரை ஓட்டியிருக்கிறேன். ஒரு படத்தில்கூட என் முகம் வந்ததில்லை. இடுப்பெலும்பு உடைந்த பிறகு ஸ்டண்ட் மாஸ்டருக்கு உதவியாளன் ஆனேன். பிறகு சண்டைக் காட்சிகளை மட்டும் இயக்கினேன். கடைசியில் ஒரு சேனல் தன் தொடரை என்னிடம் கொடுத்தது.

சிலம்பரசன் குமராட்சிக்காரன். முதல் படத்திலிருந்து என்னோடு விழுந்தவன். வெற்று அட்டைப் பெட்டிகளை ஆளுயரத்துக்கு அடுக்கி, மேலே மெத்தை போட்டு, அதன்மேல்தான் விழுவோம். அவன் விழும்போது நான் அடுக்குவேன், நான் விழும்போது அவன். இருவரும் ஒருமுறைகூடக் குனிந்து சரிபார்த்ததில்லை.

என் தொடரில் ஓர் அடியாள் மாடியிலிருந்து மல்லாந்து விழ வேண்டும். அந்த வேடத்தை அவனுக்கே கொடுத்தேன். "இந்தத் தடவ ஒன் மொகத்தக் காட்டறன்டா" என்று வாக்குக் கொடுத்தேன். அவன் மனைவி அனுப்பிரியா போனில் அழுதுவிட்டாள்.

சிதம்பரத்துக்குத் தெற்கே, மூடிக்கிடந்த ஓர் அரிசி ஆலையில் எடுத்தோம். காலையில் ஆறு முறை விழுந்தான். ஆறும் அழகாக இருந்தன. அதுதான் சிக்கல். கீழே பெட்டி இருப்பது அவன் முகத்துக்குத் தெரிந்திருந்தது. பயப்படச் சொன்னால் கண்ணை உருட்டினான்.

"எனக்கு மூஞ்சில ஒண்ணும் வரல மச்சான். நீ முதுவையே எடுத்துக்க" என்று சிரித்தான்.

எனக்கு வருத்தமாக இருந்தது. இத்தனை வருஷம் கழித்துக் கிடைத்ததை அவனே வேண்டாம் என்கிறான்.

மதியம் எல்லாரையும் சாப்பிட அனுப்பினேன். நாம் இருவரும் ஓர் ஒத்திகை பார்த்துவிடலாம் என்று அவனிடம் சொன்னேன். அவன் வாசலில் மனைவியோடு போன் பேசிக்கொண்டிருந்தபோது, அவன் விழ வேண்டிய பின்பக்கம் போய்ப் பெட்டிகளையும் மெத்தையையும் சுவரோரம் ஒதுக்கினேன். வெற்றுப் பெட்டிகள்தானே, அதிக நேரம் ஆகவில்லை.

மேலே கேமராவை நானே பிடித்தேன். அவன் விளிம்புக்கு முதுகைக் காட்டி நின்றான்.

"பொட்டிலாம் பாத்துட்டியா மச்சான்?"

"பாத்துட்டுதான் வர்றன்."

அது பொய் இல்லை. அவன் கால் விளிம்பை விட்டதும், "பொட்டி இல்லடா" என்று மெதுவாகச் சொன்னேன். சொல்லாமல் இருந்திருந்தால் அவனை ஏமாற்றியதாக ஆகியிருக்கும்.

ஒன்றரை நொடி. நான் கேட்டதெல்லாம் அவன் முகத்தில் வந்தது. என் கை ஆடவில்லை.

சிதம்பரம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியிலேயே உயிர் போய்விட்டது. பெட்டிகளை மறுபடி அடுக்குவதற்குள் கால் தவறி விழுந்துவிட்டான், கேமரா ஓடவில்லை என்று போலீசில் எழுதிக் கொடுத்தேன். யாரும் சந்தேகப்படவில்லை. காரியத்தன்று அனுப்பிரியா என் கையைப் பிடித்துக்கொண்டு, "அவுர மனுஷனா மதிச்சது நீங்க ஒருத்தர்தாண்ணா" என்றாள்.

அவன் தரையைத் தொடும் முன்பே காட்சியை வெட்டி ஒளிபரப்பினேன். அது காலையில் எடுத்தது என்று எல்லாரும் நம்பினார்கள். மறுவாரமே சினிமா வாய்ப்பு வந்தது. ஆனால் முகத்தைக் கம்ப்யூட்டரில் செய்திருக்கிறார்கள் என்று பலர் எழுதினார்கள். அதைக்கூடப் பொறுத்துக்கொண்டேன். நேற்று அனுப்பிரியாவைப் பார்க்கப் போனேன்.

"அது அவுரு இல்லண்ணா. அவுரு அப்டி பயந்து நான் பாத்ததே இல்ல. புள்ளைங்க பாத்தா பயப்படும்னு டிவியையே நிறுத்திட்டன்" என்றாள்.

ராத்திரியெல்லாம் தூக்கம் வரவில்லை, ஐயா. அதனால்தான் வந்தேன். வெட்டாத பதிவு இந்தக் கவரில் இருக்கிறது. கொன்றது நான்தான், அதை உங்கள் சட்டப்படி எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் அது அவனுடைய சொந்த முகம் என்பதைத் தெளிவாக எழுதுங்கள். அவன் உழைப்புக்கு ஒரு மரியாதை வேண்டாமா?