கொள்ளி வைக்க ஒரு ஜாமீன்

சாயா வேண்டாம், இன்ஸ்பெக்டர் ஐயா. யார் கையால் போட்டது என்று தெரியாமல் நான் எதையும் குடிப்பதில்லை. சின்ன வயதிலிருந்தே அப்படி வளர்த்துவிட்டார்கள்.

என் பெயர் தாணம்மாள். பூதப்பாண்டிப் பக்கம். வீட்டுக்காரர் பெயரை நான் சொல்லமாட்டேன், உங்கள் தாளில் இருக்கும். மடையில் நடந்த தண்ணீர்ச் சண்டையில் மண்வெட்டியால் ஒருவனை அடித்தார், அவன் செத்துப்போனான். எங்கள் முறைத் தண்ணீரை அடுத்தவன் திருப்பினால் கைகட்டி நிற்க முடியுமா? பிடித்து நாகர்கோவில் ஜெயிலில் வைத்தீர்கள். வழக்கு எப்போது வரும் என்று ஒருவருக்கும் தெரியவில்லை. ஜாமீன் கேட்டோம். சாட்சியை மிரட்டுவார் என்று தடுத்தது நீங்கள்தான். மறுபடி கேட்டபோதும் நீங்கள்தான். உங்கள் மேல் எனக்கு ஆத்திரம் இல்லாமல் இல்லை.

நாற்று முற்றிப்போனது, நடுவதற்கு ஆளில்லை. மாமியார் பிச்சம்மாள் படுக்கையில் கிடந்தபடியே என்னைக் கரித்துக்கொட்டினாள். “ஏட்டி, நீ காலெடுத்து வச்ச நேரம், எம் பிள்ள கம்பி எண்ணுகான்.” அது ஓய்ந்தால் அழுகை. “அவன ஒருக்கா பாத்துட்டுச் செத்தாப் போதும்.”

வக்கீல் சத்தியநேசன் ஒருநாள் பேச்சுவாக்கில் சொன்னார். “வீட்டுல சாவு விழுந்தா கொள்ளி வைக்க விடுவாவ. அதவிட்டா வேற வழி இல்லம்மா.” அந்த ஆள் சொன்னதில் உருப்படியான வார்த்தை அது ஒன்றுதான்.

மாமியார் கஞ்சியில் அரளியைக் கலந்தேன். கஷ்டப்படவில்லை என்றால் பொய், ஆனால் ரொம்ப நேரம் இல்லை. வாயைத் துடைத்துவிட்டதும் நான்தான். மகனைப் பார்க்க வேண்டும் என்றவளுக்கு மகனை வரவழைக்கத்தானே பாடுபட்டேன்.

மாஜிஸ்திரேட் எங்கள் பக்கத்து ஆள். மனுவைப் பார்த்ததுமே, “தாய்க்கு இளையவன்லா கொள்ளி வைக்கணும்? இளையவன் எங்க?” என்று கேட்டுவிட்டார். கொழுந்தன் குலசேகரத்தில் ரப்பர் தோட்டத்தில் வேலை பார்க்கிறான். பஸ் ஏறி வந்து அவனே கொள்ளி வைத்தான். தகப்பனுக்கு மூத்தவன், தாய்க்கு இளையவன். பச்சைப்பிள்ளைக்கும் தெரிந்த முறை எனக்குத் தெரியாதா? கோட்டுப் போட்டவர்கள் அதையெல்லாம் பார்ப்பார்கள் என்று நினைக்கவில்லை. நான் செய்த தப்பு அது.

அப்புறம் மாமனார் இருந்தார். தாணுலிங்கம். நல்ல மனிதர், என்னை ஒரு கடுஞ்சொல் சொன்னதில்லை.

“கஞ்சி கசக்குல்லா மக்கா” என்றார்.

“மருந்து போட்ட கஞ்சி மாமா, அப்பிடித்தான் இருக்கும். குடிச்சிருங்க.”

குடித்தார். பெண்டாட்டி போன ஏக்கம் என்று ஊர் சொன்னது. நானும் அழுதேன். நிஜமான அழுகைதான், அவரை எனக்குப் பிடிக்கும்.

இந்தத் தடவை மாஜிஸ்திரேட்டால் மறுக்க முடியவில்லை. பதினாறாம் நாள் அடியந்திரக் காரியம் முடியும்வரை வீட்டில் இருக்கலாம் என்று உத்தரவு போட்டார். சத்தியநேசன் தானே சாதித்ததுபோல நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நடந்தார். சிரிப்புத்தான் வந்தது எனக்கு.

வீட்டுக்காரர் வந்தார், கொள்ளி வைத்தார். எத்தனையோ மாதத்துக்குப் பிறகு அவருக்கு இலை போட்டேன். சோற்றில் கை வைத்தவர் நிமிர்ந்து பார்த்தார்.

“அம்மைக்கும் அப்பாவுக்கும் கடைசியா கஞ்சி குடுத்தது ஆரு?”

“நாந்தான். இந்த வீட்டுல வேற ஆரு இருக்கா?”

கையை உதறிவிட்டு எழுந்துவிட்டார். அதற்குப் பிறகு தம்பி ஓட்டலில் வாங்கி வந்ததைத்தான் சாப்பிட்டார். ராத்திரி கதவை உள்ளே தாழிட்டுக்கொண்டு படுத்தார். பதினாறு வருவதற்குள், யாரும் கூப்பிடாமலே, தானாக நடந்து ஜெயிலுக்குப் போய்விட்டார். போகிற வழியில் உங்களிடம் வந்து ஏதேதோ சொன்னாராம். நான் இவ்வளவு பாடுபட்டு வாங்கிக் கொடுத்த நாட்கள், ஐயா, பாதியைக்கூட வீட்டில் கழிக்கவில்லை.

தகப்பன் போன துக்கம். வேறு என்ன இருக்கப் போகிறது?