"கையை நீட்டு" என்றொரு வசனம்

பெருமதிப்புக்குரிய தலைவர் சதாசிவம் அவர்களே, மேடையில் வீற்றிருக்கும் பெரியோர்களே, ஆபீஸ் முடிந்து மெட்ரோவில் இடிபட்டு இந்த லோதி ரோடு அரங்குக்கு வந்து சேர்ந்திருக்கும் தில்லித் தமிழ் நெஞ்சங்களே, முன்வரிசையில் தாயைப் பறிகொடுத்து அமர்ந்திருக்கும் ஸ்நேகா, வணக்கம்.

குணச்சித்திரச் செல்வி ஹம்சா மறைந்துவிட்டார்! நம்ப முடிகிறதா? பகலில் அவர் அமைச்சகத்தில் செக்‌ஷன் ஆபீசர். பன்னிரண்டு பேர் அவருடைய கையெழுத்துக்குக் காத்திருப்பார்கள். அரைநாள் லீவு போட்டுவிட்டு என் தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்புக்கு வருவார். நான் கொடுக்கும் கிழிந்த சேலையைக் கட்டிக்கொண்டு வேலைக்காரியாக நிற்பார். இரண்டு வருஷம் நின்றார்!

ஏன் வேலைக்காரி? நடிகர் தேர்வன்று அவர் படித்துக் காட்டியது அதிகாரியின் மனைவி வேஷத்தை. அறையே கைதட்டியது. நானோ அவருடைய நிறத்தைப் பார்த்தேன், ஏழைகள் குடியிருக்கும் திரிலோக்புரி விலாசத்தைப் பார்த்தேன். "அச்சா, ஆனா வேலைக்காரி ரோலுக்குத்தான் உங்க முகம் பொருந்தும்" என்றேன். என்ன கொழுப்பு எனக்கு!

அந்தத் தொடரில் ஒரு காட்சி. வேலைக்காரி தண்ணீர் கேட்பாள். "டம்ளரைத் தொடாதே. கையை நீட்டு, ஊத்தறேன்" என்பாள் எஜமானி. எத்தனை யதார்த்தம் என்று நீங்களெல்லாம் கொண்டாடினீர்கள். இதே மன்றத்தில் எனக்குச் சால்வை போர்த்தினீர்கள்.

நாலு டேக் எடுத்தோம். நாலு முறையும் ஹம்சா கையை நீட்டினார். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு என்னிடம் வந்தார்.

"ராஜகோபாலன் சார், இந்த வசனம் எங்கேருந்து எடுத்தீங்க?"

"கற்பனைதாம்மா."

"கோல் மார்க்கெட்ல உங்க வீட்லதான் சார் எங்கம்மா வேலை பார்த்தாங்க. நானும் கூட வருவேன். உங்கம்மா இப்படித்தான் ஊத்துவாங்க."

என்ன பதில் சொன்னேன் தெரியுமா? "வெளிச்சம் போயிடும், ஜல்தி, அடுத்த ஷாட்" என்றேன்.

வெட்கமாக இருக்கிறது, நண்பர்களே. என் தாய் வாயால் சொன்னதை நான் காசு கொடுத்துச் சொல்ல வைத்தேன். ஹம்சாவின் தாய்க்கு நடந்ததை மகளையே நடிக்க வைத்தேன். பாராட்டை மட்டும் நான் வாங்கிக்கொண்டேன்.

அவர் பணியைத் தொடர்வோம் என்று முடிக்கச் சொன்னார் தலைவர். எனக்கு ஏது அந்த யோக்கியதை? ஒன்று மட்டும் உறுதி சொல்கிறேன். வீட்டுவேலை செய்கிறவர்களைப் பற்றி நான் எழுதுவதை, அந்த வேலை செய்தவர் படித்துச் சரியென்ற பிறகே கேமரா ஓடும்.

அடுத்து இரண்டு நிமிட மௌன அஞ்சலி. நீங்கள் எழுந்து நில்லுங்கள். நான் அந்தப் படப்பிடிப்பு நாளிலிருந்து பதினோரு வருஷம் மௌனமாக இருந்துவிட்டேன். ஸ்நேகா, உன் அம்மாவிடம் கேட்டிருக்க வேண்டிய மன்னிப்பை உன்னிடம் கேட்க, இதோ கீழே இறங்கி வருகிறேன்.