இங்கெரின் தீவில் மரம் இல்லை

சைரன். ஏறி இறங்குகிறது. சட்டைப்பையில் கைத்தொலைபேசியும் அலறுகிறது. நான் இங்கெரைக் கட்டிலிலிருந்து இழுக்கிறேன்.

"குப்புறப் படுங்கோ! வாயைத் திறவுங்கோ!"

தமிழில்தான் கத்துகிறேன். ஸ்டுட்கார்ட். முதியோர் இல்லம், மூன்றாம் மாடி. காலை பதினொரு மணி. நான் இங்கே பராமரிப்பு வேலை செய்கிறேன். இங்கெர் நோர்வேக்காரி, தொண்ணூறைத் தாண்டியவர். அவருக்குத் தமிழ் எங்கே விளங்கும்? ஷெல் விழும்போது வாய் திறந்திருந்தால் காது வெடிக்காது. யாழ்ப்பாணத்துக்கு மேற்கே, எங்கள் தீவில், நடக்கத் தெரிந்த பிள்ளைக்கெல்லாம் இது தெரியும்.

இவரைத் தூக்க இரண்டு பேர் வேண்டும். அது இல்லத்தின் சட்டம். நான் தனியாகத் தூக்கினேன். அப்பாவை அன்றைக்குத் தூக்க முடியவில்லை. கால் முறிந்து கட்டிலில் கிடந்தார். எனக்குப் பதின்மூன்று வயது. கடலில் கடற்படைக் கப்பல் நின்றது. தூரத்தில் டும். பிறகு ஷெல் விழ எட்டு வரை எண்ணலாம். அதற்குள் படுத்துவிட வேண்டும். அப்பாவை இழுத்தேன். அசையவில்லை. "தம்பியைக் கொண்டு ஓடு!" என்றார். ஓடினேன்.

இப்போது கட்டிலுக்கு அடியில் இருக்கிறோம். இங்கெரும் கத்துகிறார், ஜெர்மன் மொழியில்.

"குகைக்குள்ள ஓடு! கொளுத்த வாறாங்கள்!"

அவருடைய தீவு நோர்வேயின் வடகோடியில் இருக்கிறது. ஒரு மணித்தியாலத்தில் சுற்றி நடந்துவிடலாமாம். பாறை, காற்று, மீன். குளிர்காலத்தில் இரண்டு மாதம் சூரியன் எட்டியும் பார்க்காது. ஒளிய ஒரு மரம் கிடையாது. எங்களுக்குப் பனையாவது இருந்தது. இரண்டாம் உலகப் போரின் கடைசிக் குளிர்காலம். பின்வாங்கிய ஜெர்மன் படை வீடுகளைக் கொளுத்திக்கொண்டே போனது. தேவாலயம் மட்டும் மிஞ்சியது. சனம் கடலோரக் குகையில் கிடந்தது. நாலு வருடமாகச் சூப் ஊட்டும்போதெல்லாம் இதைக் கேட்டிருக்கிறேன். அதே ஜெர்மனியில் ஏன் வந்து கலியாணம் கட்டினார் என்பதை மட்டும் சொன்னதில்லை. நானும் என் கதையைச் சொன்னதில்லை.

சைரன் நிற்கிறது. வெறும் சோதனை. ஒரு கிழமையாக வாசலில் அறிவித்தல் தொங்கியது. மாட்டியதே நான்தான். எனக்கு என்ன புத்தி!

இங்கெர் அசையவில்லை. கண் மூடியிருக்கிறது. முழங்கை கறுத்து வீங்குகிறது. காப்பாற்றுகிறேன் என்று இழுத்துக் கொன்றுவிட்டேன். மூக்கடியில் விரல் வைக்கிறேன். ஒன்றும் தெரியவில்லை. மறுபடி வைக்கிறேன். மூச்சு. மெல்லிய மூச்சு.

கண் திறந்தார். என்னையே பார்த்தார்.

"உன்ர ஆக்கள் எத்தினை பேர் போனவை?"

முப்பது வருடத்தில் இதை ஒருவரும் கேட்கவில்லை. அகதி விண்ணப்பத்துக்கு விசாரித்தவர்கள்கூடத் திகதிகளைத்தான் கேட்டார்கள். இங்கெர் தன்னுடையதை முதலில் சொன்னார்.

வீடு. படகு. இரண்டு ஆடு. குகைக் குளிரில் தங்கை, இரண்டு வயது.

பிறகு நான்.

வீடு. கிணறு. அப்பா, கட்டிலோடு. தம்பி, ஓடும் வழியில். அவன் பெயரைச் சொல்ல மூன்று தரம் வாய் திறந்து மூடினேன். இங்கெர் என் கையைப் பிடித்துக்கொண்டார். குமரன். ஏழு வயது.