கூப்பிடாத இயக்குநர்

விலை சொன்னதுமே பணத்தை எடுத்து நீட்டுகிறவர்களைக் கண்டால் எனக்கு இன்றைக்கும் பாவமாகத்தான் இருக்கிறது, வக்கீல் சார். என் அப்பா காதர்பேட்டையில் பனியன் புரோக்கர். கடைக்காரர் ஒரு விலை சொல்வார். அப்பா சிரித்துக்கொண்டே துண்டை உதறித் தோளில் போட்டுப் படியிறங்கி நடப்பார். நாலு கடை தாண்டுவதற்குள் பின்னாலிருந்து குரல் வரும். வராமல் இருந்ததே இல்லை. நான் படித்த படிப்பு அதுதான்.

அதை நம்பித்தான் பல்லடம் ரோட்டு அரசுப் பின்னலாடைப் பயிற்சிக் கூடத்தின் தினக்கூலிகள் எல்லாரும் சேர்ந்து என்னைப் பேச அனுப்பினார்கள். நானும் அங்கே தினக்கூலியாகத்தான் இருந்தேன். மெஷினுக்கு எண்ணெய் விடுகிற வேலை. வந்த புதிதில் எல்லாருக்கும் கறுப்புத் தலை. போகப் போகப் பாதிப்பேர் சாயம் பூச ஆரம்பித்தார்கள். வேலை மட்டும் தற்காலிகமாகவே இருந்தது.

எல்லாருக்கும் அவசரம்தான்; ஒச்சாயிக்குக் கொஞ்சம் கூடுதல். உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்து, மெஷினுக்கு அடியில் பஞ்சுத் தூசி கூட்டிக் கூட்டியே நெஞ்சைக் கெடுத்துக்கொண்டவள். நிரந்தர ஆள் வேலையில் இருக்கும்போது இறந்தால் வாரிசுக்கு வேலை உண்டு. தற்காலிக ஆள் இறந்தால் மாலை உண்டு.

“ஏய்யா பொங்கியண்ணா, நிரந்தர ஆர்டரு மட்டும் கைக்கு வரட்டும், மறுநாளே செத்துக்கிருவேன். எம்மக வேலைக்கு வந்துருவா,” என்பாள்.

“அவசரப்படாதீங்கக்கா. அதுக்கும் நல்ல நாள் பார்க்கோணுமல்லோ,” என்பேன். இருமிக்கொண்டே சிரிப்பாள்.

போன ஆவணியில் கூடத்து இயக்குநர் அம்மா என்னைத் தனியாக அழைத்தார்.

“ஒருத்தருக்கு மட்டும் சர்வீஸ்ல இடைவெளி இருக்கு. அவரைத் தவிர எல்லாரையும் நிரந்தரம் பண்ண மேலே சம்மதிச்சுட்டாங்க. உங்க எல்லார் சார்பாவும் ஒரு கையெழுத்துப் போட்டீங்கன்னா இன்னிக்கே அனுப்பிடறேன்.”

“அந்த ஒருத்தரையும் சேர்த்துப் போடுங்க.”

“முடியாதுங்க. இதை விட்டா வேலையெல்லாம் காண்ட்ராக்டுக்குப் போயிரும்.”

இதுதான் கடைசி விலை என்று சொல்லாத வியாபாரி உண்டா? எழுந்தேன். துண்டை உதறினேன். நடந்தேன். வராந்தாவில் மெதுவாகவே நடந்தேன். செருப்பு வாரைச் சரிசெய்யும் சாக்கில் குனிந்தேன். ஸ்டாண்டில் வண்டி சீட்டைத் துடைத்தேன். துடைத்ததையே மறுபடி துடைத்தேன். உள்ளே அந்த அம்மா அடுத்த கோப்பைப் பிரித்திருந்தார். சரக்கு தேங்கிவிடுமே என்ற கவலை அரசாங்கத்துக்கு இல்லை என்பது எனக்கு அப்போது உறைக்கவில்லை.

வெளியே காத்திருந்தவர்களிடம், “பேச்சு நல்லாப் போயிட்டிருக்குதுங்க,” என்றேன். வந்த விலையைச் சொல்லவில்லை. சொன்னால் பதறிப்போய்த் தலையாட்டிவிடுவார்கள்.

மார்கழியில் ஒச்சாயி மெஷினுக்கு அடியில் படுத்தவள் எழவில்லை. இருந்ததிலேயே பெரிய மாலை நான் வாங்கிப் போட்டதுதான்.

“மாமா, அம்மாவுக்கு ஆர்டரு வர்ற மாதிரி இருந்துச்சா?” என்று மகள் கேட்டாள்.

“எங்க கண்ணு, அரசாங்கம் மசியலையே.”

“நீங்களும் எம்புட்டு அலைஞ்சீக,” என்று என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். மறுக்கவில்லை; அலைந்தது உண்மைதானே.

தையில் காண்ட்ராக்ட் வந்தது. பழைய ஆட்களை வெளியே அனுப்பிவிட்டார்கள். அந்தப் பெண் காண்ட்ராக்டர் ஆளாக, அம்மா படுத்த அதே மெஷினுக்கு அடியில் படுத்துத் தூசி கூட்டுகிறாள். அவளும் இரும ஆரம்பித்துவிட்டாளாம்.

மாற்றலாகிப் போகும்போது இயக்குநர் அம்மா அவளிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். அவள் உங்களிடம் வந்தாள். நீங்கள் என்னிடம் வந்திருக்கிறீர்கள். எழுதிக்கொள்ளுங்கள். கைக்கு வந்ததைத் திருப்பிவிட்டது நான்தான். மறைத்ததும் நான்தான். சுயநலம் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். ஒருவனைத் தண்ணீரில் விட்டுவிட்டு மற்றவர்கள் கரையேறுவது என்ன நியாயம்? சீசனுக்குச் சீசன் புரோக்கர் வேலைக்கு ஓடி, சர்வீஸில் இடைவெளி விழுந்த அந்த ஒருவன் நானாக இருந்தது தற்செயல். வேறு யாராக இருந்திருந்தாலும் இதையேதான் செய்திருப்பேன்.