பத்து மணிக்குக் கலையும் மூட்டம்

— இந்தச் சலவைக்கூடத்துல ஒரு வழக்கம் இருக்கு கண்ணு. யாரும் வாய்விட்டுச் சொன்னதில்ல. லீவுல போய் வந்தவங்களை எதுக்குப் போனேன்னு கேக்கமாட்டோம். அவங்களும் சொல்லமாட்டாங்க. ம், விரிப்போட மூலையை இழுத்துப் பிடி.

— பிடிச்சுட்டேன் அக்கா. எல்லாரும் 'ஊர்ல மழையா?'ன்னு கேக்கறாங்க. நாலு மாசமும் நான் என் கட்டில்லதான் கிடந்தேன்.

— அந்தக் கட்டில்தான் ஊருன்னு வச்சுக்கோ. கிட்ட வா, மடிப்போம்.

— விரிப்பு காத்துல உப்புறப்ப நீங்க காணாமப் போறீங்க. அப்புறம் வெள்ளைக்குள்ளேருந்து மெதுவா வர்றீங்க. கிடந்த நாள்ல எனக்குப் பகல்கூட பக்கத்து வீட்ல நடக்கற மாதிரி இருக்கும் அக்கா. பாத்திரம் விழற சத்தம், சிரிப்பு, எல்லாமே சுவருக்கு அந்தப் பக்கம்.

— இப்போ?

— இப்போ நம்ம வாசல் வரைக்கும் வந்துடுது. ஆனா ராத்திரி போடற மாத்திரையோட மூட்டம் கலைய காலையில பத்து மணியாகுது. ஆறு மணி ஷிஃப்டுல கை ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். நேத்து அப்படித்தான் விரிப்பு இஸ்திரி உருளையிலேயே நின்னு கருகிடுச்சு.

— அதைத்தான் அழுக்குக்கூடைக்கு அடியில அமுக்கிட்டேனே!

— நாளைக்குக் கருகறது என் கையா இருந்தா? சூப்பர்வைசர்கிட்ட பத்து மணி ஷிஃப்ட் கேக்கட்டுமா?

— காரணம் கேப்பார். சொன்னேன்னு வை, அப்புறம் நீ தும்மினாக்கூட 'அதுதான்'னுவாங்க. நான் சொல்றதைக் கேளு, முழுப் பூசணிக்காயா இருந்தாலும் மறைச்சுத்தான் ஆகணும். ஐயோ, சூப்பர்வைசர் வர்றார். சிரி, சிரி.

— சிரிப்பு இருக்கட்டும்மா. கூடைக்கு அடியில இந்தக் கருகின விரிப்பு கிடந்துச்சு. நேத்து உருளையில நின்னது யாரு?

— நான்தான் சார்.

— நாலு மாசம் ஊர்ல ஓய்வெடுத்தும் தூக்கம் தீரலையா? மகாராணிக்கு இங்கயே மெத்தை போடட்டுமா? என்னதான் உனக்குப் பிரச்சினை?

— ஒண்ணுமில்ல சார்.

— ஒண்ணுமில்லேன்னா நாளையிலேர்ந்து வராதே. வேலை தெரிஞ்சவங்க எனக்குப் போதும். இதோ, அக்கா மாதிரி.

— அக்கா மாதிரியா? சார், ஆறு வருஷத்துக்கு முன்னாடி முதுகுவலின்னு மூணு மாசம் லீவு போட்டேன். என் முதுகுக்கு ஒண்ணுமே இல்ல. மனச்சோர்வு. இன்னைக்கும் மாத்திரை சாப்பிடறேன். ஷிஃப்ட் மாத்திக் கேக்கத்தான் அன்னிக்கு எனக்கு வாய் வரல.