ஏழு முறை இடம் மாறிய ஓவன்

"உங்க வீட்டுல ஓவன் ஒரே இடத்துலதான் இருக்குமா, வில்மார்?" என்று தோன்யா மீர்த்தா, அதாவது மீர்த்தா அம்மா, ஒருநாள் என்னிடம் கேட்டார்.

"எங்க வீட்டுல ஓவனே இல்லைங்க."

"அடப் பாவமே. என் வீட்டுல இருக்கு, ஆனா ஓரிடத்துல தங்க மாட்டேங்குது. செத்துப்போன என் புருஷன் மாதிரி."

நான் பொறுப்பான ஆள். எங்கள் ஊர் மோண்டெவிடியோவின் சின்னச் சமையலறைகளில் ஓவன், மைக்ரோவேவ் எல்லாம் பதித்துக் கொடுப்பது இருபத்தாறு வருடமாக என் தொழில். நான் பதித்த எதுவும் யாரையும் சுட்டதில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது.

மீர்த்தா வீட்டில் நான் செய்த முதல் தப்பு நிஜமாகவே தப்பு. எங்கள் ஊர் ஆண்களுக்கு இடது அக்குள் காலியாக இருப்பதில்லை, அங்கே வெந்நீர் பிளாஸ்க் இருக்கும். மாத்தே கஷாயம் உறிஞ்சியபடியே ஒற்றைக் கையால் டேப் பிடித்தேன். டேப் தொய்ந்து இரண்டு சென்டிமீட்டர் கூட்டிக் காட்டியது. ஓவன் ஃபிரிட்ஜோடு ஒட்டிக்கொண்டது. சூடும் குளிரும் அப்படி உரசிக்கொண்டிருக்கக் கூடாது. போய்ச் சொன்னேன். மீர்த்தா திட்டவில்லை, சிரித்தார். கணவர் போய் இரண்டு வருடத்தில் அந்த வீட்டில் கேட்காத சிரிப்பு அது. பக்கத்து வீட்டுக்காரி என்னவோ ஏதோ என்று ஓடிவந்தாள்.

அதற்குப் பிறகு நடந்தது எதுவும் தப்பல்ல, திட்டம்.

இரண்டாவது முறை ஓவனை வாசலை ஒட்டி வைத்தேன். ஓவன் கதவைத் திறந்தால் உள்ளே வருகிறவர் முழங்கால் வெந்துவிடும். எனக்கு அது வைக்கும்போதே தெரியும், ஆகவே மின்சாரம் கொடுக்கவில்லை. ஒரு வாரம் கழித்துப் போய்க் கவலையோடு தலையை ஆட்டினேன். அப்புறம் மைக்ரோவேவை அவர் நெற்றி உயரத்தில் பதித்துவிட்டு, கொதிக்கிற சூப் முகத்தில் கொட்டுமே என்று நானே எச்சரித்தேன். அப்புறம் ஓவன் கதவும் பாத்திரம் கழுவும் மெஷின் கதவும் முட்டிக்கொண்டன. அப்புறம் ஓவனுக்குப் பின்னால் காற்றுப் போக வழியில்லை. ஆறாவது முறை சூடான தட்டை இறக்கி வைக்கப் பக்கத்தில் மேடை இல்லை. நான் சொன்ன காரணம் ஒவ்வொன்றும் உண்மை. எல்லாவற்றையும் ஒரே நாளில் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

பத்தொன்பது மாதம் அவர் ஒற்றை மின்னடுப்பில் வெந்ததைச் சாப்பிட்டார். ஈஸ்டருக்குக் கீரையும் முட்டையும் வைத்த பாஸ்குவாலினாவைத் தூக்கிக்கொண்டு நான்கு மாடி இறங்கி, தெருமுனை பேக்கரியில் சுட்டு வந்தார். நல்ல மழை. நான்தான் குடை பிடித்தேன். அருமையான சாயங்காலம்.

இதெல்லாம் அவருடைய பாதுகாப்புக்காகத்தான் என்று நான் மனதார நம்பினேன்.

போன செவ்வாய்க்கிழமை ஏழாவது முறையாகப் போனபோது, சமையலறை முழுக்க அட்டைப்பெட்டிகள். சால்ட்டோவிலிருந்து மகள் லூர்தெஸ் வந்திருந்தாள்.

"வீட்டை வித்துட்டு இவளோடவே போயிடறேன், வில்மார்," என்றார் மீர்த்தா. "உங்களை மாதிரி கைகாரராலேயே முடியலைன்னா இதுல ஏதோ சாபம் இருக்கு."

"ஆறடி சமையலறை, ஒரு ஓவன்," என்றாள் லூர்தெஸ். "இந்நேரம் கப்பலே கட்டியிருக்கலாம்."

சால்ட்டோ பஸ்ஸில் ஆறு மணி நேரம். அங்கே அவர்கள் தெருவிலேயே ஓவன் பதிக்கிறவன் ஒருவன் இருப்பான்.

நான் வேலையை ஆரம்பித்தேன். ஓவன் இடுப்பு உயரத்துக்கு வந்தது. ஃபிரிட்ஜிலிருந்து விலகியது. பின்னால் காற்றுக்கு இடைவெளி, பக்கத்தில் சூடான தட்டை இறக்கி வைக்க மேடை. ஒன்றே முக்கால் மணி நேரத்தில் முடிந்தது. மின்சாரம் கொடுத்ததும் விளக்கு எரிந்தது.

மீர்த்தா கதவைத் திறந்து மூடினார். மறுபடியும் திறந்தார். எதிலும் இடிக்கவில்லை.

"இந்த இடம் உங்களுக்கு எப்ப தோணுச்சு?"

"முதல் வாரமே."

லூர்தெஸ் கையிலிருந்த பெட்டியைக் கீழே வைத்தாள். மீர்த்தா என்னைப் பார்த்துக்கொண்டே நின்றார். அவர் சிரிக்கவில்லை.

"இனிமே இங்க ரிப்பேர் பண்ண ஒண்ணும் இல்லைங்க, தோன்யா மீர்த்தா," என்றேன். "நான் சும்மா வரலாமா?"